லாரி சத்தம் மட்டும் வேணும் மாமா

போன மாசம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அக்கா பையன் பென்டிரைவோடு வந்து நின்றான். பிளஸ் டூ முடித்துவிட்டுக் காலேஜ் திறக்கக் காத்திருக்கிற பருவம்.

"மாமா, இதுல லாரி சத்தம் மட்டும் வேணும். மத்ததையெல்லாம் எடுத்துட்டுக் குடுத்துருங்க."

கறிக்கடையில் நின்று கொழுப்பை எடுத்துட்டுப் போடுங்க என்று சொல்கிற தோரணை. நான் கல்யாண வீடியோ எடிட் செய்து பிழைக்கிறவன். அதனால் எங்கள் குடும்பத்தில் கம்ப்யூட்டர், டிவி, ப்ளூடூத் ஸ்பீக்கர், ஏன், ஒருமுறை மிக்ஸி வரைக்கும் ரிப்பேர் என்றால் என் வாசலுக்குத்தான் வரும். வாங்கிப் போட்டுக் கேட்டேன்.

யூரோ டிரக் சிமுலேட்டர் 2. பிரான்சில் இருக்கிற கலே துறைமுகத்திலிருந்து ஜெர்மனியின் டூயிஸ்பர்க் வரைக்கும் லோடு ஓட்டியிருக்கிறான். படம் அருமை. சத்தம்தான் சந்தைக்கடை. எஞ்சின் ஓடுகிறது, அதன்மேல் வாட்ஸப் டொய்ங் டொய்ங் என்கிறது, டிஸ்கார்டில் இவன் சேக்காளி ஒருத்தன் ட்யூஷன் சென்டர் காதல் கதையை விலாவாரியாகச் சொல்கிறான், முப்பத்தேழாவது நிமிஷத்தில் பின்னால் ஏதோ டேபில் கிரிக்கெட் ஹைலைட்ஸ் ஓடி, விக்கெட் விழுந்து, கூட்டம் கத்துகிறது. லாரி அப்போது பெல்ஜியத்தில் இருக்கிறது.

"எடுக்க முடியாதுடா" என்றேன்.

"ஏஐல எடுக்கலாம்னாங்களே."

சும்மா சொல்லவில்லை, செய்தும் பார்த்தேன். பாட்டிலிருந்து குரலைப் பிரிக்கிற மென்பொருள்கள் இப்போது நிறைய இருக்கின்றன. டீசர் நிறுவனம் 2019-இல் ஸ்ப்ளீட்டர் என்று அப்படி ஒன்றை இலவசமாக வெளியிட்டதிலிருந்து இது வீட்டுக்கு வீடு வந்துவிட்டது. ஆனால் அவை பாட்டுக்குப் பழகியவை. பாடகர் குரல், டிரம்ஸ், பேஸ் என்று பிரிக்கத் தெரியும். ஏர் பிரேக் 'புஸ்ஸ்' என்று காற்று விடுவது எந்தக் கணக்கில் சேர்த்தி என்று தெரியாது. சேக்காளியின் குரலை எடுக்கச் சொன்னேன். அவன் பேசுகிற 'ஸ', 'ஷ' எல்லாவற்றோடும் ஏர் பிரேக்கும் சேர்ந்து போய்விட்டது. மிச்சம் இருந்த எஞ்சின் சத்தம் தண்ணிக்குள் முங்கிக் கேட்கிற மாதிரி. பையன் முகம் சுண்டிப் போயிற்று.

இந்தப் பையனுக்கு லாரி சத்தம் ஏன் இவ்வளவு முக்கியம் என்று கேட்பீர்கள். எங்கள் ஊர் சங்ககிரிப் பக்கம். மச்சான், அதாவது இவன் அப்பா, லாரி டிரைவர். லாரியும் பட்டறையும் இல்லாத தெருவே இந்தச் சுற்றுவட்டாரத்தில் கிடையாது. சின்னப் பிள்ளையாக இருக்கும்போதே, தெருமுனையில் வண்டி திரும்புகிற சத்தத்தை வைத்து அப்பா வருகிறாரா வேறு யாருமா என்று சொல்லிவிடுவான். அந்தக் கேமிலும் அவன் சொக்கிப் போனது சத்தத்தில்தான். செக் நாட்டு எஸ்சிஎஸ் சாஃப்ட்வேர் 2012-இல் வெளியிட்ட கேம் அது. 2020-இல் வந்த 1.37 அப்டேட்டில் சத்தத்தின் அடித்தளத்தையே மாற்றி எஃப்மாட் என்கிற ஒலி எஞ்சினைப் போட்டார்கள். அதன் பிறகு ஓடுகிற லாரியில் கண்ணாடியை இறக்கினால் வெளிச்சத்தம் உள்ளே வரும், ஏற்றினால் அடங்கும். பையன் கண்ணாடியை இறக்கி ஏற்றி இறக்கி ஏற்றி ஓட்டுவான். அதைத்தான் வாட்ஸப் டொய்ங் கெடுத்துவிட்டது.

சரி, ஏன் பிரிக்க முடியவில்லை? என் தொழிலை வைத்தே சொல்கிறேன்.

ஒரு முகூர்த்தம். மந்திரம் தெளிவாக வேண்டும் என்று பெண் வீட்டார் ஆசைப்பட்டார்கள். நானும் புத்திசாலித்தனமாக மைக் செட்காரரின் மிக்ஸரிலிருந்தே லைன் எடுத்துக்கொண்டேன். ஸ்பீக்கர் பெட்டி முன்னால் மைக்கை நீட்டுவதைவிட இது சுத்தம்தானே? வீட்டுக்கு வந்து போட்டால், ஐயர் குரல் அட்டகாசமாக இருக்கிறது. அதன் நடுவில், மாங்கல்ய தாரணத்துக்குச் சரியாக முன்னால், "வெள்ளைக் கலர் கார் வழியில நிக்குது, உரியவர் உடனே எடுக்கவும்." இரண்டும் ஒரே லைனில். ஏனென்றால் நான் எடுத்தது மிக்ஸரின் கடைசி வாசலில். எல்லா மைக்கும் ஒன்றாகச் சேர்ந்த பிறகு வெளியே வருகிற இடம் அது. ஐயர் மைக்கின் சேனலில் தனியாக எடுத்திருக்க வேண்டும்.

விண்டோஸும் அதே மண்டபம்தான். கேம், பிரவுசர், டிஸ்கார்ட், வாட்ஸப் எல்லாம் தங்கள் சத்தத்தைத் தனித்தனியாகக் கொண்டு வந்து விண்டோஸின் மிக்ஸரில் கொடுக்கின்றன. அது எல்லாவற்றையும் கூட்டி ஒன்றாக்கி ஹெட்போனுக்கு அனுப்புகிறது. திரையைப் பதிகிற ஓபிஎஸ் ஸ்டூடியோ மென்பொருளில் 'டெஸ்க்டாப் ஆடியோ' என்று ஒரு பட்டை ஏறி இறங்குமே, அது உட்கார்ந்திருப்பது இந்தக் கடைசி வாசலில். அங்கே வருவது எண்களின் கூட்டுத்தொகை. கூட்டுத்தொகை 17 என்று மட்டும் சொன்னால், அது 9-ம் 8-ம் சேர்ந்ததா 12-ம் 5-ம் சேர்ந்ததா என்று யார் சொல்ல முடியும்?

ஆகவே பிரிக்கிறதென்றால் கலக்கிறதுக்கு முன்னாலேயே பிரிக்கணும்.

இது இப்போது சுலபம். ரொம்ப நாளாகச் சுலபமாக இல்லை. எக்ஸ்பி காலத்தில் சவுண்ட் கார்டிலேயே 'ஸ்டீரியோ மிக்ஸ்' என்று ஒரு வசதி இருக்கும், அதுவும் கடைசி வாசல்தான். விஸ்டாவில் ஒலி அமைப்பைப் புதிதாகக் கட்டியபோது, ஸ்பீக்கருக்குப் போவதைத் திருப்பி எடுத்துக்கொள்ளும் லூப்பேக் முறை வந்தது. தரம் நன்றாக இருந்தது, வாசல் மட்டும் மாறவில்லை.

பிறகு விர்ச்சுவல் கேபிள் காலம். நானே அதில் மாரடித்திருக்கிறேன். விபி கேபிளைப் போட்டால் கம்ப்யூட்டருக்குள் இல்லாத ஒரு ஸ்பீக்கரும் இல்லாத ஒரு மைக்கும் முளைக்கும். அந்த ஸ்பீக்கரில் விடுவது அந்த மைக்கில் வரும். கேமின் சத்தத்தை அங்கே திருப்பிவிட்டு, மற்றதையெல்லாம் வழக்கமான ஹெட்போனில் விட்டால் கேம் தனியாகிவிடும். எந்த ஆப் எந்த ஸ்பீக்கருக்குப் போகணும் என்று சொல்கிற வசதி விண்டோஸ் 10-இல் 2018 ஏப்ரல் அப்டேட்டில் வந்தது. இன்றைக்கும் வால்யூம் மிக்ஸர் பக்கத்தில் இருக்கிறது. யோசனை நல்லது. நடைமுறையில் மூன்று தலைவலி. ஒன்று, பெயர்: ஸ்பீக்கர் பட்டியலில் இருப்பதன் பெயர் 'கேபிள் இன்புட்', மைக் பட்டியலில் இருப்பது 'கேபிள் அவுட்புட்'. யோசித்தால் சரிதான், அர்த்த ராத்திரியில் யோசிக்க வராது. இரண்டு, கேம் சத்தம் கேபிளுக்குள் போய்விட்டதால் ஓட்டுகிறவன் காதில் விழாது. அதற்கு 'லிசன் டு திஸ் டிவைஸ்' என்று ஒரு டிக் போட்டுத் திரும்பக் கேட்க வைக்கணும், அப்படிக் கேட்டால் பிரேக் மிதித்து ஒரு நொடித் துண்டு கழித்துச் சத்தம் வரும். மூன்று, ஹெட்போன் 48 கிலோஹெர்ட்ஸ், கேபிள் 44.1 என்று ஆளுக்கொரு கணக்கில் இருந்தால் அங்கங்கே பொரிகிற சத்தம். எல்லாவற்றையும் 48-க்கு மாற்றி வைக்கிற பழக்கம் எனக்கு அப்போது வந்ததுதான்.

2022-இல் ஓபிஎஸ் 28 வந்தபோது இந்தக் கூத்து முடிந்தது. குறிப்பிட்ட ஒரு ஆப்பின் சத்தத்தை மட்டும் எடுத்துக்கொள்ள விண்டோஸே உள்ளுக்குள் வழிவிட ஆரம்பித்திருந்தது. ஓபிஎஸ் அதை 'அப்ளிகேஷன் ஆடியோ கேப்சர்' என்று ஒரு சோர்ஸாகக் கொண்டு வந்தது. விண்டோஸ் 10-இல் 2004 என்கிற எண்ணுள்ள பதிப்பு அல்லது அதற்குப் பிந்தையது இருந்தால் போதும். கேபிள் வேண்டாம், சத்தத்தைத் திருப்பிவிட வேண்டாம், ஹெட்போனில் எல்லாம் வழக்கம்போலக் கேட்கும். ஐயர் சேனலில் இருந்தே லைன்.

பையனை உட்காரவைத்து அவன் கையாலேயே செய்யச் சொன்னேன். சோர்ஸ் பெட்டியில் கூட்டல் குறி, அப்ளிகேஷன் ஆடியோ கேப்சர், பட்டியலில் கேமின் ஜன்னலைத் தேர்ந்தெடுக்கணும். கேம் முதலில் திறந்திருக்க வேண்டும், இல்லாவிட்டால் பட்டியலில் தலைகாட்டாது. லாஞ்சரைத் தேர்ந்தெடுத்துவிட்டு மௌனப் படம் எடுத்தவர்கள் உண்டு.

அன்று ராத்திரி போன் வந்தது.

"மாமா, டொய்ங் இன்னும் வருது. லாரி சத்தம் கெணத்துக்குள்ள இருந்து வர்ற மாதிரி இருக்கு."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எல்லாரும் விழுகிற குழி. புதிதாக ஒரு வாசலைத் திறந்தான், பழைய வாசலை மூடவில்லை. டெஸ்க்டாப் ஆடியோ அப்படியே ஓடிக்கொண்டிருக்கிறது. அதனால் வாட்ஸப்பும் வரும், லாரி இரண்டு தடவை வரும். ஒரே சத்தம் துல்லியமாக ஒன்றின்மேல் ஒன்று விழுந்தால் 6 டெசிபல் ஏறும், அவ்வளவுதான். ஆனால் இரண்டு வழியில் வரும்போது சில மில்லி நொடி முன்பின்னாகும். அப்போது சில அலைகள் ஒன்றையொன்று ஏற்றிவிடும், சில ஒன்றையொன்று அடித்துவிடும். அதுதான் கிணறு. அமைப்புகளில் ஆடியோ பக்கம் போய் டெஸ்க்டாப் ஆடியோவை 'டிஸேபிள்ட்' என்று வைத்தால் தீர்ந்தது. புதிய பதிப்புகளில் கேம் கேப்சர் சோர்ஸிலேயே ஆடியோவும் எடுக்கச் சொல்லி ஒரு டிக் உண்டு. அதையும் இதையும் சேர்த்துப் போட்டாலும் இதே கிணறு.

ஓபிஎஸ் எல்லாம் பெரிய வேலை, ஒரு கிளிப் எடுத்தால் போதும் என்கிறவர்களுக்கு விண்டோஸ் பொத்தானோடு ஜி அழுத்தினால் வருகிற கேம் பார் இருக்கிறது. அதன் அமைப்பில் பதிய வேண்டிய ஆடியோவை 'ஆல்' என்பதிலிருந்து 'கேம்' என்று மாற்றினால் ஆயிற்று. மேக்காரர்கள் ரொம்ப காலம் பிளாக்ஹோல் மாதிரி விர்ச்சுவல் டிரைவரைப் போட்டுத்தான் எடுத்தார்கள். லினக்ஸ்காரர்கள் பைப்வயரில் ஒயர் வரைந்து எதை எதோடு வேண்டுமானாலும் முடிந்துகொள்கிறார்கள். அவர்களுக்கு நான் சொல்ல ஒன்றுமில்லை, அவர்கள்தான் எனக்குச் சொல்வார்கள்.

அடுத்து ட்ராக். இங்கேதான் என் எடிட்டர் புத்தி விழித்துக்கொள்ளும். கேம் சத்தத்தை மட்டும் எடுத்துவிட்டு சேக்காளியைத் துரத்திவிட்டால் அது பிரிப்பதாகாது, கழிப்பது. நாளைக்கு அவன் சொன்ன ஒரு நல்ல ஜோக் வேண்டியிருக்கும். ஓபிஎஸ் ஒரே வீடியோவில் ஆறு ஆடியோ ட்ராக் வரை பதியும். நாங்கள் வைத்துக்கொண்டது: ஒன்றில் எல்லாம் கலந்தது, இரண்டில் லாரி, மூன்றில் பையனின் மைக், நாலில் டிஸ்கார்ட். ஒன்றாவது ட்ராக்கில் கலவையை வைப்பதற்குக் காரணம் இருக்கிறது. சாதாரணமாக ஒரு பிளேயரில் திறந்தால் முதல் ட்ராக்தான் பாடும். அதில் வெறும் எஞ்சினை வைத்துவிட்டால், வீடியோவை வாங்கிப் பார்க்கிறவன் "உன் குரலே வரலயேடா" என்பான்.

இதில் ஒரு விஷமம் இருக்கிறது. ஓபிஎஸ்ஸில் எந்தச் சோர்ஸைச் சேர்த்தாலும் அது தானாகவே ஆறு ட்ராக்கிலும் டிக்கோடுதான் பிறக்கும். ஆறும் ஒரே சாம்பார். அட்வான்ஸ்டு ஆடியோ ப்ராப்பர்ட்டீஸைத் திறந்து, ஒவ்வொரு வரியிலும் வேண்டாத டிக்கை எடுக்கணும். பிறகு அவுட்புட்டை அட்வான்ஸ்டு முறைக்கு மாற்றி, ரெக்கார்டிங் பக்கத்தில் 1, 2, 3, 4 நான்கையும் டிக் அடிக்கணும். ஒரு பக்கம் செய்து மறுபக்கம் மறந்தால் வேலை வீண். இரண்டு நிமிஷம் சோதனைக்குப் பதிந்து, எடிட்டரில் போட்டு, ஒவ்வொரு ட்ராக்கையும் தனியாகக் கேட்டுவிட்டுத்தான் கலே துறைமுகத்தை விட்டுக் கிளம்பணும் என்று சட்டம் போட்டிருக்கிறேன். கல்யாணத்துக்கு முன்னால் "ஹலோ மைக் டெஸ்டிங்" சொல்வதில்லையா, அதுதான்.

மூன்றாவது முயற்சியில் டிக் எல்லாம் சரி. ஒரு மணி நாற்பது நிமிஷம் ஓட்டினான். கரண்ட் போயிற்று.

அவன் எம்பி4-இல் பதிந்துகொண்டிருந்தான். சாதாரண எம்பி4-இல் எந்தத் துண்டு எங்கே இருக்கிறது என்கிற அட்டவணை பதிவு முடிகிறபோதுதான் எழுதப்படும். நடுவில் கரண்ட் போனால் அட்டவணை இல்லாத புத்தகம்; பல ஜிபி ஃபைல் இருக்கும், எதுவும் திறக்காது. எம்கேவி அப்படியில்லை, போகப்போக எழுதிக்கொண்டே போகும். போன இடம்வரைக்கும் உயிரோடு இருக்கும். எம்கேவி-யில் பதிந்துவிட்டு, பிறகு ஓபிஎஸ்ஸிலேயே ஃபைல் மெனுவில் இருக்கிற ரீமக்ஸில் கொடுத்தால் எம்பி4 ஆகிவிடும். படம் மறுபடி கம்ப்ரஸ் ஆகாது, பெட்டி மட்டும்தான் மாறும். புதிய ஓபிஎஸ்ஸில் நடுவில் நின்றாலும் தாங்குகிற ஹைப்ரிட் எம்பி4 என்று ஒன்றும் வந்திருக்கிறது. மச்சான் சேலம் போனபோது ஒரு யுபிஎஸ்ஸும் வாங்கிப் போட்டார்.

நான்காவது முயற்சி. பையன் நேரிலேயே வந்துவிட்டான். "மாமா, எல்லாம் பிரியும்னு சொன்னீங்க. ரெண்டாவது ட்ராக்குல எளையராஜா வர்றார்."

கேட்டேன். வருகிறார். சுத்தமாக, ஸ்டீரியோவில், டர்போ விசிலோடு பின்னிப் பிணைந்து வருகிறார். விஷயம் இதுதான்: அந்தக் கேமில் ரேடியோ உண்டு. டாக்குமெண்ட்ஸில் இருக்கிற கேமின் மியூசிக் ஃபோல்டரில் நம் பாட்டைப் போட்டால் லாரிக்குள் அது பாடும். மச்சானின் பென்டிரைவில் இருந்த பாட்டையெல்லாம் அங்கே கொட்டியிருக்கிறான். ஜெர்மன் நெடுஞ்சாலையில் ராத்திரி இளையராஜா. ரசனையைக் குறை சொல்ல மாட்டேன்.

ஆனால் இந்த இடத்தில் ஓபிஎஸ் கைவிரித்துவிடும். அது ஆப்புக்கு ஆப் பிரிக்கும், ஆப்புக்குள் போகாது. எஞ்சினும் பாட்டும் டிராஃபிக்கும் வழிசொல்கிற குரலும் கேமுக்குள்ளேயே கலந்துதான் வெளியே வருகின்றன. ஐயர் கையில் இருக்கிற ஒரே மைக்கில் பக்கத்தில் உட்கார்ந்த மாமாவின் இருமலும் விழுந்தால் எந்த மிக்ஸரால் பிரிக்க முடியும்? பிரவுசரும் இப்படித்தான். குரோமைப் பிடித்தால் அதன் அத்தனை டேபும் சேர்ந்துதான் வரும். கேமுக்குள்ளேயே இருக்கிற வாய்ஸ் சாட்டும் அப்படியே. நண்பர்களின் குரல் தனியாக வேண்டுமானால் டிஸ்கார்ட் மாதிரி வெளியே பேசணும்.

அதனால் கேமுக்குள்ளேயே போய் அடைக்கணும். ரேடியோவை அணைத்துவிட்டுப் பாட்டைத் தனி மியூசிக் பிளேயரில் விடலாம். அந்த பிளேயரை ஓபிஎஸ்ஸில் சேர்க்கவே வேண்டாம். ஓட்டுகிறவன் காதில் இளையராஜா, பதிவில் லாரி மட்டும். எனக்கு இந்த முழு ஏற்பாட்டிலும் ரொம்பப் பிடித்த விஷயம் இதுதான்: நீ கேட்பது ஒன்று, ஊர் கேட்பது ஒன்று.

இது வெறும் ரசனைப் பிரச்சினையும் இல்லை. யூடியூப் 2007-இலிருந்து கன்டென்ட் ஐடி வைத்திருக்கிறது. ஏற்றுகிற வீடியோவின் சத்தத்தை, உரிமையாளர்கள் கொடுத்து வைத்திருக்கிற பாட்டுகளோடு அது ஒப்பிட்டுப் பார்க்கும். லாரிக்குள் மெலிசாகப் பாடினாலும் கண்டுபிடித்துவிடும் என்று பையன் பழைய வீடியோ ஒன்றில் அனுபவித்துவிட்டான். உரிமை கோரி மெயில் வந்தது, வீட்டில் ஏதோ போலீஸ் கேஸ் மாதிரி அக்கா பயந்துபோனாள். ஜிடிஏ 5-இல் காரில் ஏறினாலே ரேடியோ பாடும், எல்லாம் உரிமையுள்ள பாட்டு. சைபர்பங்க் 2077 மாதிரி சில கேம்களில் இதற்கென்றே உரிமையுள்ள பாட்டை அணைக்க ஒரு பொத்தான் வைத்திருக்கிறார்கள். பதிகிறதுக்கு முன்னால் கேமின் ஆடியோ பக்கத்தை ஒருமுறை மேலிருந்து கீழே படித்துவிடுவது நல்லது.

மைக்கைப் பற்றி நிறையச் சொல்லப்போவதில்லை. ஹெட்போன் போடணும், ஸ்பீக்கரில் கேட்டால் லாரி மைக் வழியாக மூன்றாவது ட்ராக்கிலும் ஏறிவிடும், பிரித்ததெல்லாம் பாழ். ஓபிஎஸ்ஸில் சத்தம் நீக்குகிற ஃபில்டர் இருக்கிறது, ஆர்என்நாய்ஸ் முறை நன்றாகவே வேலை செய்யும். ஆனால் ஓபிஎஸ்ஸில் போட்ட ஃபில்டர் பதிவோடு சேர்ந்து வெந்துவிடும், பிறகு எடுக்க முடியாது. அதனால் நான் மைக்கைப் பச்சையாகவே பதியச் சொல்வேன், சமையல் எடிட்டில். யூடியூபில் பாதிப் பேர் இதற்கு நேர்மாறாகச் சொல்வார்கள். நேரலை செய்கிறவர்களுக்கு அது சரி, அவர்களுக்கு எடிட் என்று ஒன்று கிடையாதே.

ஐந்தாவது முயற்சிதான் தேறியது. எடிட்டரில் நான்கு பட்டையாக விரித்தோம். இரண்டாவதைத் தனியாகப் போட்டு, என் ஸ்டூடியோவின் பெரிய ஸ்பீக்கரில் விட்டேன். மச்சான் அப்போதுதான் லோடு இறக்கிவிட்டு வந்து, வாசலில் நின்று கேட்டார். கண்ணாடி இறங்குகிற இடம் வந்தது. காற்று உள்ளே பாய்ந்தது. கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை.

"கியர் மாத்தறது சரியாத்தான் இருக்குது. ஆனா இவ்வளவு நேரம் ஒருத்தனும் ஆரன் அடிக்கலியே, இது என்ன ரோடு?" என்றார்.

பையன் மூன்றாவது பட்டையைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவன் மைக். முழு நீளத்துக்கும் ஒரே தடிமனில் ஒரு பாய் விரித்த மாதிரி ஃபேன் சத்தம், அதன்மேல் அங்கங்கே அவன் பேச்சு. ஒரு இடத்தில் மட்டும் அந்தப் பாய் சட்டென்று மெலிந்து நூலாகி, ஏழு நிமிஷம் கழித்துத் திரும்பத் தடிக்கிறது.

"இங்க எப்படி மாமா இவ்வளவு சுத்தமா வந்துச்சு? நான் ஒண்ணும் மாத்தலியே."

"கரண்ட் போயிருக்கும்டா. யுபிஎஸ்ல கம்ப்யூட்டர் ஓடியிருக்கு, ஃபேன் நின்னிருக்கு."

அவன் முகம் மலர்ந்துவிட்டது. அந்த ஏழு நிமிஷத்தையே முதல் வீடியோவாகப் போடலாம் என்று துள்ளினான். சத்தத்தைக் கூட்டி வைத்துக் கேட்டோம். ஃபேன் இல்லை, லாரி இல்லை, டொய்ங் இல்லை. யுபிஎஸ் மட்டும் சில நொடிக்கு ஒருதரம் பீப் என்கிறது.